மச்சான் உட்கார்ந்த பக்கம்

2018 மார்ச் 17, சனிக்கிழமை. பிருந்தாவன் எக்ஸ்பிரஸில் வந்து கன்டோன்மென்ட் ஸ்டேஷனில் இறங்கினான் என் மச்சான். அத்தை மகன், வியாசர்பாடிக்காரன். மேலே கட்டம் போட்ட சட்டை; உள்ளே சென்னையின் எஃப்.சி. ஜெர்சி. காலர் வழியாக நீலம் எட்டிப் பார்த்தது. “ஊர்ல ஏதாவது ஆயிடப்போகுது, மேல சட்டை போட்டுக்கினு போ”ன்னு அத்தை சொல்லி அனுப்பியிருக்கிறார். அவர் பிறந்து வளர்ந்தது இதே பெங்களூரில், அல்சூர் பக்கம். கல்யாணமாகிச் சென்னைக்குப் போனவர். பயம் எங்கிருந்து வந்தது என்பதை அப்புறம் சொல்கிறேன்.

அன்று இரவு எட்டு மணிக்குக் கண்டீரவா ஸ்டேடியத்தில் ஐ.எஸ்.எல். என்கிற இந்தியன் சூப்பர் லீக் கால்பந்து இறுதிப் போட்டி. பெங்களூரு எஃப்.சி.யும் சென்னையின் எஃப்.சி.யும். நான் பெங்களூர் ஜெர்சி போட்டிருந்தேன். அதுவும் நீலம். வீட்டுக்குள் நுழைந்த மச்சான் மேல் சட்டையைக் கழற்றியதும் அம்மா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்து, “ஒரே கலர்ல துணி போட்டுக்கினு எதுக்குடா எதிரெதிரா உக்காரப் போறீங்க?” என்று கேட்டார். அப்பா மட்டும் சிரிக்கவில்லை. அவருக்கு அன்று காலையிலிருந்தே பேச்சு இல்லை. மேட்ச் நாளில் அவர் அப்படித்தான்.

அதற்கு முந்தைய இரண்டு வாரமாக என்னிடம் ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தார்கள். ஆபீஸில் ஒருவர், வேலூரில் ஒரு கல்யாணத்தில் நாலு பேர், வாட்ஸ்அப் குழுவில் இன்னும் சிலர். “நீ தமிழன்தானே? அப்ப சென்னைக்குத்தானே கை தட்டணும்?” நான் அப்போது சரியாகப் பதில் சொல்லவில்லை. நீளமாகப் பதில் சொல்லவேண்டிய கேள்வி அது.

எங்கள் கொள்ளுத்தாத்தா குடியாத்தம் பக்கத்திலிருந்து வந்தவர். 1809இல் வெள்ளைக்காரப் பட்டாளம் பெங்களூரில் கன்டோன்மென்ட் அமைத்த பிறகு, வட ஆற்காட்டிலிருந்து சமையலுக்கும், தோல் வேலைக்கும், கட்டட வேலைக்கும் ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். மெட்ராஸ் சேப்பர்ஸ் என்று சொல்லும் மெட்ராஸ் இன்ஜினியர் குரூப் பட்டாளம் அல்சூர் ஏரிக்கரையில் இருக்கிறது. அந்தச் சிப்பாய்களை இன்றும் ‘தம்பி’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். பேட்டை என்கிற பழைய ஊர்ப் பக்கம் கன்னடம், தண்டு என்கிற கன்டோன்மென்ட் பக்கம் தமிழும் உருதும் இங்கிலீஷும். இரண்டுக்கும் நடுவில் கப்பன் பார்க்கும் சம்பங்கி ஏரியும். ஏரி பின்னால் வற்றிப்போய், அந்தத் தரையில்தான் கண்டீரவா ஸ்டேடியம் எழும்பியது. அதாவது, இரண்டு ஊர்களைப் பிரித்து வைத்திருந்த தண்ணீர் இருந்த இடத்தில்தான் இப்போது பெங்களூரு எஃப்.சி. ஆடுகிறது. எனக்கு இதை முதலில் சொன்னது தாத்தா. அவர் பேட்டையிலிருந்து வீட்டுக்கு நடந்து வந்த வழி அது.

பட்டாளத்துக்காரர்கள் ஆடியதைப் பார்த்து நம் ஆட்கள் கற்றுக்கொண்ட ஆட்டம் கால்பந்து. ஒரு பந்து, காலி மைதானம், வெறும் கால். அவ்வளவு போதும். ஆஸ்டின் டவுன், மர்பி டவுன், கௌதமபுரம், நீலசந்திரா, சிவாஜிநகர் என்று எங்கெல்லாம் கூலிக்காரர் வீடுகள் நெருக்கமாக இருந்தனவோ, அங்கெல்லாம் இந்த ஆட்டம் ஊறியது. கௌதமபுரத்தில் புத்தர், அம்பேத்கர், அன்னை தெரசா சிலைகளோடு பெலேவுக்கும் சிலை இருக்கிறது. உலகக் கோப்பை வந்தால் தெருவே மஞ்சளும் பச்சையுமாகிவிடும். வெளியூர்க்காரர்கள் அந்தச் சிலையைப் பார்த்துப் படம் எடுத்துக்கொண்டு போவார்கள். எனக்கு அந்த நாலு பேரும் ஒரே இடத்தில் இருப்பது ரொம்பப் பொருத்தம். அந்தத் தெருவுக்கு யார் யார் நிமிர்ந்து நிற்கக் கற்றுக் கொடுத்தார்களோ, அவர்களை வைத்திருக்கிறார்கள்.

தாத்தா எச்.ஏ.எல். விமானத் தொழிற்சாலையில் ஃபிட்டர். சாயங்காலம் சங்கு ஊதினால் நேரே மைதானம். அவர் சொன்ன கதைகளில் எனக்கு மனப்பாடமாகிப் போனது 1948 லண்டன் ஒலிம்பிக்ஸ். சுதந்திரம் கிடைத்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. ஜூலை 31ஆம் தேதி இந்தியா பிரான்ஸோடு மோதியது. நம் ஆட்களில் பெரும்பாலானோர் வெறுங்காலுடன் இறங்கினார்கள். இரண்டு பெனால்டியைத் தவறவிட்டார்கள். 2–1 என்று தோற்றார்கள். அந்த ஒரு கோல், ஒலிம்பிக்ஸில் இந்தியா போட்ட முதல் கோல், அடித்தவர் சாரங்கபாணி ராமன். எங்கள் ஊர்க்காரர். அதே அணியில் அகமது கானும் தன்ராஜும் எங்கள் ஊர்தான். தாத்தா “நம்ம ராமன்” என்று சொல்லும்போது, பக்கத்து வீட்டுப் பையனைச் சொல்வது போலத்தான் இருக்கும்.

அவர்களில் அகமது கானும் தன்ராஜும் கல்கத்தாவுக்குப் போனார்கள், ஈஸ்ட் பெங்கால் கிளப்புக்கு. இந்த இடத்தில் கொஞ்சம் நின்று சொல்ல ஆசைப்படுகிறேன். ஏனென்றால் என்னிடம் கேட்கப்பட்ட கேள்விக்கு என் பதில் இங்கேதான் ஆரம்பிக்கிறது.

இந்தியாவில் கால்பந்துப் பகை என்றால் மோகன் பகானும் ஈஸ்ட் பெங்காலும்தான். 1889இல் தொடங்கியது ஒன்று, 1920இல் தொடங்கியது இன்னொன்று. மேற்கு வங்காளத்துப் பூர்வகுடிகள் ஒரு பக்கம். பத்மா நதிக்கு அந்தப் பக்கத்திலிருந்து வந்தவர்கள் இன்னொரு பக்கம். ஒருவருக்கு இறால், இன்னொருவருக்கு இல்லிஷ் மீன். தேசப் பிரிவினையில் வீடும் நிலமும் விட்டு ஓடிவந்து கல்கத்தாவின் ரயில் பிளாட்பாரங்களில் கிடந்த ஜனங்களுக்கு, தங்கள் ஊர் பெயரைத் தலை நிமிர்ந்து சொல்ல மிச்சமிருந்த ஒரே இடம் ஈஸ்ட் பெங்கால் கேலரி. அந்தப் பெயரைத் தூக்கி நிறுத்தியவர்கள் யார்? ‘பஞ்ச பாண்டவர்’ என்று அழைக்கப்பட்ட ஐந்து ஃபார்வர்டுகள். அகமது கான், தன்ராஜ், வெங்கடேஷ், அப்பாராவ், சாலே. ஐவரில் ஒருவர்கூட வங்காளி இல்லை. எல்லாரும் தெற்கத்தி ஆட்கள். 1949, 50, 51 என்று தொடர்ந்து மூன்று வருடம் ஐ.எஃப்.ஏ. ஷீல்டை வென்று கொடுத்தார்கள்.

யோசித்துப் பாருங்கள். டாக்காவிலிருந்து வந்து நிற்கும் ஒரு அகதி, தன் இழந்த ஊரின் பெயரைச் சொல்லிக் கத்துகிறார். அந்தக் கத்தலுக்குப் பதிலாகக் கோல் போட்டுக் கொடுப்பவர் பெங்களூரிலிருந்து வந்த தன்ராஜ். அந்த அகதி தன்ராஜிடம் “உனக்கு என் பாஷை தெரியுமா?” என்று கேட்டிருப்பாரா? தாத்தா இதைச் சொல்லிவிட்டு வெற்றிலையை மடித்துக்கொண்டே என்னைப் பார்ப்பார். நான் சின்னப் பையன், புரியவில்லை. 1991க்குப் பிறகு புரிந்தது.

எனக்குப் பன்னிரண்டு வயது. டிசம்பர் மாதம். காவிரித் தீர்ப்பாயத்தின் இடைக்கால உத்தரவை ஒட்டிக் கலவரம். தமிழர் வீடுகளும் கடைகளும் தாக்கப்பட்டன. எங்கள் தெருமுனையில் இருந்த தையல்காரர் தமிழில் எழுதிய பலகையைக் கழற்றி, கட்டிலுக்கு அடியில் வைத்தார். அப்பா என்னை உட்காரவைத்து, “பஸ்ல யார் கேட்டாலும் பேசாத. சும்மா இரு” என்றார். பஸ்ஸில் நான் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்த அந்த வாரத்தை இன்றும் மறக்க முடியவில்லை. எங்களைக் காப்பாற்றியதும் கன்னடக்காரர்கள்தான் என்பதையும் மறக்கவில்லை. எதிர்வீட்டு அஜ்ஜி எங்கள் வாசலில் நாற்காலி போட்டு இரண்டு ராத்திரி உட்கார்ந்திருந்தார். ஆனால் அப்பாவுக்கு ஏதோ ஒன்று அடங்கிப்போனது. வெளியில் அவர் குரல் இறங்கியது அப்போதிலிருந்துதான். பொது இடத்தில் அவர் சத்தமாகத் தமிழ் பேசி நான் கேட்டதில்லை. மைதானத்தில்கூட.

அத்தை பயந்தது இதனால்தான். அவருக்கு 91 மனதில் இருக்கிறது.

பெங்களூரு எஃப்.சி. 2013இல் வந்தது. ஒரு பெரிய கம்பெனி ஆரம்பித்த கிளப், ஊரே சேர்ந்து ஆரம்பித்ததில்லை என்று சிலர் முகம் சுளித்தார்கள். எனக்கு அந்தப் பேச்சில் உடன்பாடு இல்லை. கிளப்புக்கு வயது குறைவு, சரி. கேலரிக்கு வந்து உட்கார்ந்தவர்களின் ஆட்டம் எத்தனை பழையது! பெங்களூர் முஸ்லிம்ஸ் அணி 1937லும் 38லும் பம்பாயில் ரோவர்ஸ் கோப்பையை வென்றிருக்கிறது. இன்று கர்நாடகம் என்று ஆகிவிட்ட மைசூர் அணி, மாநிலங்கள் மோதும் சந்தோஷ் கோப்பையை நான்கு முறை எடுத்திருக்கிறது. 1946–47இல் தோற்கடித்தது வங்காளத்தை. 1968–69க்குப் பிறகு அரை நூற்றாண்டுக்கு மேல் அந்தக் கோப்பை கைக்கு வரவில்லை. இத்தனை பேர் காத்துக் கிடந்த ஊருக்கு ஒரு அணி கிடைத்தது. யார் கொடுத்தால் என்ன?

அன்றைய தேசிய லீகான ஐ லீகில் அதன் முதல் ஆட்டம் அசோக் நகரில் இருக்கும் பழைய ஃபுட்பால் ஸ்டேடியத்தில் நடந்தது. எதிரணி மோகன் பகான். 1–1. அப்பா தாத்தாவின் பழைய எச்.ஏ.எல். கைக்கடிகாரத்தைக் கட்டிக்கொண்டு வந்தார். தாத்தா அப்போது இல்லை. பக்கத்தில் ஆஸ்டின் டவுன் பெரியவர்கள், ஐ.டி.ஐ. டெலிபோன் தொழிற்சாலை அணியின் முன்னாள் ஆட்டக்காரர்கள், காலேஜ் பையன்கள், மணிப்பூரிலிருந்து வேலைக்கு வந்த பிள்ளைகள். மேற்கு ஸ்டாண்டில் நின்றுகொண்டே பாடும் இளைஞர் கூட்டம் ஒன்று மெல்ல உருவானது. பின்னால் வெஸ்ட் பிளாக் ப்ளூஸ் என்று பெயரெடுத்தது அதுதான். முதல் வருடமே லீக் பட்டம்.

ஆனால் நான் சொல்ல வந்த இரவு 2016 அக்டோபர் 19. அதற்கு ஐந்து வாரம் முன்பு, செப்டம்பரில், மறுபடியும் காவிரி. மறுபடியும் பஸ்கள் எரிந்தன. ஊரடங்கு போட்டார்கள். அப்பா மறுபடியும் அதே வாக்கியத்தை என் மகளிடம் சொன்னார். நான் சமையலறையில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன்.

அந்த அக்டோபர் இரவு ஏ.எஃப்.சி. கோப்பை அரையிறுதி, இரண்டாவது ஆட்டம். எதிரே மலேசியாவின் ஜோகூர், நடப்புச் சாம்பியன். அங்கே போய் 1–1 என்று முடித்துவிட்டு வந்திருந்தோம். அப்பா வரமாட்டேன் என்றார். நான் விடவில்லை. கண்டீரவாவில் உட்கார்ந்தோம். முதல் கோலை ஜோகூர் போட்டது. எங்களுக்கு முன் வரிசையில், நெற்றியில் குங்குமம் வைத்த ஒரு பெரியவர், மல்லேசுவரம் பக்கத்து ஆள் என்று பிறகு தெரிந்தது, தலையில் கை வைத்துக்கொண்டார். எங்கள் கேப்டன் சுனில் சேத்ரி சமன் செய்தார். இரண்டாம் பாதியில் சேத்ரி தூரத்தில் பந்தை வாங்கித் திரும்பினார். அப்பா எழுந்துவிட்டார். “அடி! அடிடா! அடி!” என்று கத்துகிறார். இருபத்தைந்து வருடமாக நான் கேட்காத குரல். அதே நொடியில் முன்னால் இருந்த பெரியவர், “ஹொடி! ஹொடியோ! ஹொடி!” என்று கத்துகிறார். தமிழில் அடி, கன்னடத்தில் ஹொடி. சத்தத்தில் எது எது என்று பிரிக்க முடியவில்லை. சேத்ரி அடித்தார். வலைக்குள் போனது. அந்தப் பெரியவர் திரும்பி அப்பாவைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். அப்பா அவரிடம் தமிழிலேயே பேசிக்கொண்டிருந்தார், அவர் கன்னடத்திலேயே. பிறகு ஜுவானன் ஒன்று போட, 3–1. ஆசியக் கிளப் போட்டி ஒன்றின் இறுதிக்கு ஓர் இந்திய அணி போனது அதுதான் முதல் தடவை. தோஹாவில் நடந்த இறுதியில் ஈராக்கிய அணியிடம் 0–1 என்று தோற்றோம். பரவாயில்லை. எனக்கு அந்த வருடத்தின் இறுதிப் போட்டி அக்டோபர் 19ஆம் தேதியே முடிந்துவிட்டது.

வீட்டுக்கு வரும் ஆட்டோவில் அப்பா டிரைவரிடம் முழு ஆட்டத்தையும் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தார்.

மேற்கு ஸ்டாண்டில் அடிக்கடி எழும் சத்தம் ‘நம்மூரு’ என்பது. கன்னடத்தில் அது நம்மூரு. எங்கள் வீட்டுப் பேச்சுத் தமிழிலும் அது நம்மூருதான். ஒரு எழுத்து மாற்றவேண்டியதில்லை. மேடையில், அரசியலில், கடைப் பலகையில் இந்தச் சொல்லை நான் சொன்னால் “உன் ஊர் எது?” என்று யாராவது கேட்கலாம். கேலரியில் இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. நான்கு தலைமுறை இந்த மண்ணில் இருந்தவனுக்கு அந்தத் தொண்ணூறு நிமிடம் எவ்வளவு பெரியது என்பதை, கேட்க ஆளில்லாத ஊரில் வாழ்பவர்களுக்குச் சொல்லிப் புரியவைப்பது கஷ்டம்.

சரி, 2018க்கு வருகிறேன்.

லீகில் நாங்கள்தான் முதலிடம். ஆனாலும் அதற்கு முந்தைய டிசம்பரில் இதே கண்டீரவாவில் சென்னை எங்களை 2–1 என்று வீழ்த்திவிட்டுப் போயிருந்தது. சேத்ரி 85ஆவது நிமிடம் சமன் செய்ய, மூன்றே நிமிடத்தில் சென்னைக்கு வெற்றிக் கோல் போட்டவர் தனபால் கணேஷ். வியாசர்பாடிப் பையன். மச்சான் தெருவிலிருந்து கூப்பிடு தூரம். அன்று ராத்திரி போனில் மச்சான் அழுதான். “நம்ம கிரவுண்டுல ஆடின புள்ளடா” என்று அதையே சொன்னான். வியாசர்பாடியையும் கௌதமபுரத்தையும் போல ஒன்றையொன்று ஒத்த இரண்டு இடங்களை நான் பார்த்ததில்லை. அதே நெருக்கம், அதே புழுதி மைதானம், அதே அம்பேத்கர் சிலை, இரண்டுக்கும் குட்டி பிரேசில் என்று அதே செல்லப் பெயர். அவன் தன் தெருவின் பையனுக்காகக் கத்துகிறான். அவனுடைய பற்றை என்னால் ஒரு நொடிகூடக் குறை சொல்ல முடியாது. “தமிழன்தானே” என்ற கேள்வி அவனிடமிருந்து ஒருநாளும் வந்ததில்லை. தெரு என்றால் என்ன என்று தெரிந்தவன் அவன்.

இறுதிப் போட்டி அன்று ஸ்டேடியம் வாசலில் பிரிந்தோம். அவன் சென்னைக்காரர்கள் உட்காரும் பக்கம். ‘சூப்பர் மச்சான்ஸ்’ என்பது அவர்களுடைய ரசிகர் குழுவின் பெயர். அந்தக் கூட்டத்துக்குள் என் சொந்த மச்சான் போய் மறைந்தான். நானும் அப்பாவும் எங்கள் பக்கம்.

ஒன்பதாவது நிமிடம், உதாந்தா போட்ட பந்துக்கு சேத்ரி தாவி விழுந்து தலையால் முட்டினார். கோல். 20,000 பேருக்கு மேல் எழுந்து நின்ற சத்தம். அப்புறம் எல்லாம் கார்னர். 17ஆவது நிமிடம் சென்னையின் கிரெகரி நெல்சன் கார்னர் எடுக்க, மைல்சன் ஆல்வெஸ் தலையால் அடித்தார். இடைவேளைக்குச் சற்று முன் மறுபடியும் அதே கார்னர், அதே நெல்சன், அதே மைல்சன், அதே தலை. அப்பா, “அவனப் புடிங்கடா, அவனப் புடிங்கடா” என்று முதல் கோலிலிருந்தே சொல்லிக்கொண்டிருந்தார். 67இல் ரஃபேல் அகஸ்டோ மூன்றாவது. 90 நிமிடம் முடிந்து சேர்த்துக் கொடுத்த நிமிடங்களில் எங்கள் மீகு ஒன்று திருப்பினார், 3–2. அதோடு முடிந்தது.

எதிர்ப்பக்கம் ஒரு சின்ன மூலை மட்டும் குதித்துக்கொண்டிருந்தது. அதில் எங்கோ மச்சான். நான் அந்த மூலையையே பார்த்துக்கொண்டிருந்தேன். நெஞ்சு அடைத்தது உண்மை. அவனுக்காகச் சந்தோஷப்பட முடிந்ததா என்றால், அந்த நிமிடத்தில் இல்லை. என் ஊர் தோற்றிருந்தது. சென்னை ஜெயித்ததில் எனக்கு ஒரு பங்கு இருப்பதாக என் உடம்பில் எந்த இடமும் சொல்லவில்லை. கல்யாண வீட்டில் கேட்ட கேள்விக்குப் பதில் அப்போதுதான் எனக்கே உறுதியாகத் தெரிந்தது.

வாசலில் காத்திருந்தோம். மச்சான் வந்தான். மேல் சட்டை கையில் இருந்தது. நீல ஜெர்சியோடு, எங்கள் ஊர்க்காரர்கள் நடுவே, அப்படியே நடந்து வந்தான். யாரோ ஒரு பையன், பெங்களூர் ஜெர்சி, அவன் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டுப் போனதை நான் பார்த்தேன். அப்பாவைப் பார்த்ததும் மச்சானுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. “மாமா...” என்றான். அப்பா அவன் தோளில் கை போட்டு, “கார்னர் நல்லா எடுக்கிறானுங்க மாப்ளே” என்றார். வேறெதுவும் பேசாமல் மூவரும் நடந்தோம். அம்மா மீன் குழம்பு வைத்திருந்தார். மச்சானுக்கு வால் துண்டு, தோற்றவர்களுக்கு நடுத்துண்டு என்று அவரே முடிவு செய்திருந்தார். படுக்கும் முன் அப்பா அத்தைக்குப் போன் போட்டு, “புள்ள பத்திரமா இருக்குது. சட்டையக் கழட்டிட்டுத்தான் நடந்து வந்தான்” என்று சொன்னார். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

இப்போது கேரளாவோடு மோதல்தான் பெரிது. 2023 மார்ச்சில் சேத்ரி சட்டென்று ஃப்ரீ கிக்கை அடிக்க, கேரள அணி ஆட்டத்தை விட்டே வெளியேறியது. அந்த ஆட்டத்துக்கு அடுத்த நாளே ரியாத்தில் கர்நாடகம் மேகாலயாவை வென்று 54 வருடம் கழித்துச் சந்தோஷ் கோப்பையை எடுத்தது. இரண்டாவது செய்தி முதலாவதில் அமுங்கிப்போனதில் எனக்கு வருத்தம் உண்டு. கௌதமபுரத்திலும் ஆஸ்டின் டவுனிலும் பிறந்து வளர்ந்த பிள்ளைகளை அந்த நீல ஜெர்சியில் இன்னும் நிறையப் பார்க்கவேண்டும் என்ற ஆசையும் தீரவில்லை. மச்சானுக்குத் தனபால் கணேஷ் கிடைத்ததுபோல எங்கள் தெருவுக்கும் ஒருவர் கிடைக்கவேண்டும்.

2019. மறுபடியும் அதே மார்ச் 17. இந்த முறை இறுதிப் போட்டி மும்பையில், எதிரே கோவா. வீட்டில் டி.வி. முன்னால் உட்கார்ந்திருந்தோம். மச்சானின் சென்னை அந்த வருடம் கடைசி இடம். 90 நிமிடம் கோல் இல்லை. கூடுதல் நேரத்திலும் இழுத்துக்கொண்டே போய், 117ஆவது நிமிடம் டிமாஸ் எடுத்த கார்னரை ராகுல் பெக்கே தலையால் முட்டி உள்ளே அனுப்பினார். 1–0. ஆட்டம் முடிந்து கோப்பையைத் தூக்குவதற்குள் போன் அடித்தது. வியாசர்பாடி.

“மச்சான், உங்க ஊரு ஜெயிச்சிடுச்சுடா! பாத்தியா, கார்னர்!” என்று கத்தினான். பின்னால் அத்தையின் குரலும் கேட்டது. அப்பா என் கையிலிருந்து போனை வாங்கினார்.

“உங்க ஆளுங்ககிட்ட கத்துக்கினதுதான், மாப்ளே.”